காலமைச் சத்தம், ஐட்லிங் நடுக்கம், இழுவைக் குறைவு: விவிடி கோளாறை அறிகுறியை வைத்துப் பிடித்துச் சரிசெய்வது

யாழ்ப்பாணத்து வீதிகளில் இன்று அதிகம் காணும் விட்ஸ், அக்சியோ, அலியன், பிரிமியோ, வகன் ஆர், அக்குவா போன்ற கார்களின் எஞ்சின்களில் வால்வு திறக்கும் நேரத்தை ஓட்டத்துக்கு ஏற்ப மாற்றும் விவிடி அமைப்பு இருக்கிறது. 2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நின்றது. தனியார் கார்களுக்கு மறுபடி வழி திறந்தது 2025 பெப்ரவரியில்தான். இடைப்பட்ட காலம் முழுக்க உள்ளதையே வைத்து ஓடினோம். ஆகவே ஒன்றரை லட்சம், இரண்டு லட்சம் கிலோமீற்றர் தாண்டிய கார் இங்கே சாதாரணம். அந்த வயதில் விவிடி கோளாறு தலைகாட்டுவதும் சாதாரணம்.

செக் எஞ்சின் லைற் எரிந்து, ஸ்கானரில் விவிடி என்று ஏதாவது வந்தவுடன் "கியர் போயிட்டுது, மாத்தவேணும்" என்று முடிவு சொல்லிவிடுகிறார்கள். இங்கே கியர் என்பது கியர்பொக்ஸ் அல்ல, கேம் ஷாஃப்ட்டில் உள்ள விவிடி கியர். அது விலை கூடிய சாமான். அதை மாற்றுவதென்றால் எஞ்சினின் மேல்மூடியான டப்பட் கவரைக் கழற்றி டைமிங் செயினில் கைவைக்க வேண்டும். ஆனால் அதே லைற்றை எரியவைக்கக் கூடியவை வேறு நான்கு இருக்கின்றன: ஒயில், ஒயில் போகும் வழியில் உள்ள சின்ன வலை ஃபில்டர், ஓசிவி எனப்படும் ஒயில் கொன்ட்ரோல் வால்வு, அந்த வால்வுக்குப் போகும் வயர். நான்கும் கியரைவிட மலிவு. நான்கையும் செயினைத் தொடாமலே பார்த்துவிடலாம். இவற்றைப் பார்த்து முடிக்காமல் கியருக்குக் காசு கொடுக்காதீர்கள்.

உள்ளே என்ன நடக்கிறது

வால்வுகளைத் திறந்து மூடும் கேம் ஷாஃப்ட்டின் முனையில் செயின் ஓடும் பல்லுச்சக்கரம்தான் விவிடி கியர். வெளியே ஒரு கூடு. உள்ளே இதழ்கள் கொண்ட ஒரு றோட்டர், கேம் ஷாஃப்ட்டோடு போல்ட் போட்டு இறுக்கப்பட்டிருக்கும். இதழ்களின் இரு பக்கமும் ஒயில் அறைகள். ஒரு பக்க அறைக்குள் எஞ்சின் ஒயில் அழுத்தத்தோடு போனால் றோட்டர் சற்றுத் திரும்பி வால்வு முந்தித் திறக்கும். மற்றப் பக்கம் போனால் பிந்தித் திறக்கும். எந்தப் பக்கம், எவ்வளவு என்பதை எஞ்சினின் கணினியான ஈசியு, ஓசிவி மூலம் தீர்மானிக்கிறது. ஓசிவி என்பது முனையில் துளைகள் உள்ள ஒரு சின்ன உருளை. பின்னால் மின்சுருள், உள்ளே முன்னும் பின்னும் ஓடும் ஒரு ஸ்பூல்.

எஞ்சினை நிறுத்தும்போது பொதுவாக இன்டேக் (காற்று உள்ளே வரும்) பக்கக் கியர் முழுக்கப் பிந்திய நிலைக்குப் போகும். அங்கே ஒரு லொக் பின் விழுந்து கூட்டையும் றோட்டரையும் ஒன்றாகப் பூட்டும். மறுபடி ஸ்டார்ட் செய்து ஒயில் அழுத்தம் ஏறியதும் பின் விடுபடும். கீழே வரும் அறிகுறிகளில் பாதிக்கு மேல் இந்தப் பின்னையும் அந்த ஒயிலையும் வைத்தே விளங்கிவிடும்.

எந்த அறிகுறியானாலும் முதலில் டிப்ஸ்டிக்

காரைச் சமதரையில் நிறுத்தி, எஞ்சின் ஆறியபின் ஒயில் மட்டம் பாருங்கள். மட்டம் குறைந்தால் விவிடிக்கு வேண்டிய அழுத்தம் சரியாக வராது. மட்டம் சரி, ஆனால் ஒயில் கருத்துத் தடித்திருந்தால் மற்றச் சோதனைகளுக்கு முன் ஒயிலையும் ஃபில்டரையும் மாற்றுங்கள்.

ஒயிலின் தடிப்பு பற்றி ஒரு விஷயத்தை அழுத்திச் சொல்ல வேண்டும். "எங்கட வெய்யிலுக்குத் தடிச்ச ஒயில்தான் சரி" என்று 5டபிள்யூ-30 அல்லது 0டபிள்யூ-20 போடவேண்டிய எஞ்சினுக்கு 20டபிள்யூ-50 ஊற்றும் பழக்கம் இன்னும் போகவில்லை. பழைய எஞ்சின்களுக்கு அது பொருந்தியது. விவிடி எஞ்சினில் ஒயில் லூப்ரிகேஷனோடு நின்றுவிடுவதில்லை, கியரைத் திருப்பும் வேலையையும் அதுதான் செய்கிறது. தடித்த ஒயில் நுண்ணிய துளைகளால் மெதுவாகவே போகும். ஈசியு கேட்ட கோணத்துக்குக் கியர் நேரத்துக்கு வந்து சேராது, உடனே லைற் எரியும். ஒயில் மூடியிலோ மனுவலிலோ உள்ள தடிப்பையே போடுங்கள்.

நாங்கள் கார் ஓடும் விதமும் ஒயிலுக்குக் கூடாது. திருநெல்வேலியிலிருந்து நகரத்துக்கு, பள்ளிக்கூடத்துக்கு, சந்தைக்கு என்று சின்னச் சின்ன ஓட்டம். எஞ்சின் சரியாகச் சூடாக முன்னமே நிறுத்திவிடுகிறோம். ஒயிலுக்குள் சேரும் ஈரமும் பெற்றோலும் ஆவியாகிப் போக நேரம் கிடைப்பதில்லை. இப்படி ஓடும் காருக்கு ஸ்டிக்கரில் எழுதிய கிலோமீற்றர் வரும்வரை காத்திருக்காமல், மாதக் கணக்கையும் பார்த்து ஒயில் மாற்றுங்கள்.

அறிகுறி: காலையில் ஸ்டார்ட் செய்தவுடன் ஒரு கரகரப்பு

"அண்ணை, காலமை ஸ்டார்ட் பண்ணேக்க மட்டும் கர்ர் எண்டு ஒரு சத்தம், பிறகு ஒண்டுமில்லை." கியரே பழுதாகும்போது பெரும்பாலும் இப்படித்தான் தொடங்கும். இரவு முழுக்க நின்ற காரில் கியருக்குள் இருந்த ஒயில் வடிந்துவிடும். லொக் பின்னோ அது விழும் குழியோ தேய்ந்திருந்தால் பூட்டு நிற்காது. ஒயில் வந்து அறைகளை நிரப்பும்வரை றோட்டர் கூட்டுக்குள் அங்கும் இங்கும் அடிபடும். அந்த அடிதான் ஒரு விநாடி, இரண்டு விநாடிச் சத்தம்.

ஆனால் இதே சத்தத்தை வேறு இரண்டும் தரும். ஒன்று மலிவு ஒயில் ஃபில்டர். நல்ல ஃபில்டருக்குள் ஒயில் பின்னால் வடியாமல் தடுக்கும் ஒரு றப்பர் வால்வு இருக்கும். அது சரியில்லாவிட்டால் ஒவ்வொரு காலையும் அழுத்தம் பிந்தி வரும். மற்றது தளர்ந்த டைமிங் செயின் அல்லது அதை இறுக்கிப் பிடிக்கும் டென்ஷனர்.

பிரித்துப் பார்க்க இப்படிச் செய்யுங்கள். இரவு முழுக்கக் காரைத் தொடாதீர்கள். காலையில் பொனட்டைத் திறந்துவிட்டு, வேறொருவரை ஸ்டார்ட் செய்யச் சொல்லி, செயின் உள்ள பக்கத்தில் நின்று கேளுங்கள். ஓடும் பெல்ட்டிலிருந்து கையையும் உடுப்பையும் தள்ளி வையுங்கள். சத்தம் மேலே, டப்பட் கவரின் செயின் பக்க முனையிலிருந்து வந்து, ஒயில் அழுத்த லைற் அணையும் நேரத்தோடு நின்றால் கியர் மேல் சந்தேகம். சிறிது ஓடி நிறுத்தி, சூட்டோடு மறுபடி ஸ்டார்ட் செய்தால் கியர்ச் சத்தம் வராது, ஏனெனில் ஒயில் இன்னும் உள்ளே இருக்கிறது. எஞ்சின் சூடான பிறகும், எஸ்ஸிலேற்றரை மெல்ல அழுத்தி விடும்போதெல்லாம் செயின் கவரில் உரசல் கேட்டால் அது செயின் அல்லது டென்ஷனர்.

முதலில் சரியான ஒயிலும் தரமான ஃபில்டரும் போட்டுவிட்டு இன்னும் சில காலைகள் கேட்டுப் பாருங்கள். சத்தம் முற்றாக நின்றுவிட்டால் உங்கள் வேலை முடிந்தது. ஓடும்போது ஒரு குறையும் இல்லை, காலையில் ஒரு விநாடிச் சத்தம் மட்டும் மிஞ்சுகிறது என்றால் கியரை உடனே மாற்ற ஓடத் தேவையில்லை, நிதானமாக நல்ல கியர் தேடலாம். சத்தம் நாளுக்கு நாள் நீண்டுகொண்டு போனால் பிற்போடாதீர்கள்.

அறிகுறி: ஐட்லிங் நடுங்குகிறது, சந்தியில் நின்றுவிடுகிறது

ஏ9 வீதியில் ஆனையிறவு தாண்டி நல்ல வேகத்தில் வந்த கார், நகரத்துக்குள் நுழைந்து முதல் சந்தியில் பிறேக் பிடித்ததும் குலுங்கி நின்றுவிடும். திரும்ப ஸ்டார்ட் ஆகும். ஸ்கானரில் பி0011 என்ற கோளாறுக் கோட் இருக்கும். ஓடும்போது கியர் முந்திய நிலைக்குப் போனது, ஐட்லிங்குக்கு வரும்போது திரும்பவில்லை என்பது அதன் பொருள். ஐட்லிங்கில் வால்வு முந்தித் திறந்தால் எரிந்த வாயு உள்ளே வரும் காற்றோடு கலந்துவிடும், எரிதல் குழம்பும். பி0014 என்றால் எக்ஸோஸ்ற் (புகை வெளியேறும்) பக்கக் கேம், ஈசியு கேட்டதைவிட முந்தி நிற்கிறது. அந்தப் பக்கத்திலும் விவிடி உள்ள எஞ்சின்களில்தான் இது வரும்.

கோட் எதுவும் இல்லாமல் ஐட்லிங் மட்டும் நடுங்கினால் விவிடியை விட்டுவிட்டு த்ரொட்டில் அழுக்கு, பிளக், கொயில், வெடித்த வக்யூம் குழாய் என்று பாருங்கள். அவைதான் அடிக்கடி வருபவை.

கோட் இருந்தால், சூடான எஞ்சின் ஐட்லிங்கில் ஓடும்போது ஓசிவியின் கனெக்டரைக் கழற்றுங்கள். நடுக்கம் நின்றால் வால்வும் கியரும் திரும்பக் கூடியவை. தேவையில்லாத கட்டளை எங்கிருந்து வருகிறது என்று வயர் பக்கமும் கேம் சென்சர் பக்கமும் தேடவேண்டும். எந்த மாற்றமும் இல்லாவிட்டால் ஸ்பூலோ கியரோ முந்திய நிலையில் இறுகி நிற்கிறது. கழற்றியதால் பி0010 புதிதாக விழும், கடைசியில் அதை அழித்துவிடலாம்.

அடுத்தது தலைகீழ்ச் சோதனை. இது நன்றாக ஐட்லிங் எடுக்கும் எஞ்சினுக்கு. கனெக்டர் கழன்றிருக்க, பற்றரியிலிருந்து ஃபியூஸ் போட்ட இரண்டு வயரால் ஓசிவியின் இரண்டு முனைக்கும் 12 வோல்ற் கொடுங்கள். எஞ்சின் உடனே நடுங்க வேண்டும் அல்லது நிற்க வேண்டும். வயரை எடுத்ததும் அமைதியாக வேண்டும். அப்படி நடந்தால் ஓசிவி, ஒயில் வழி, கியர் மூன்றும் வேலை செய்கின்றன. 12 வோல்ற் கொடுத்தும் எஞ்சின் அசையாமல் ஓடினால் மூன்றில் ஒன்று அடைத்திருக்கிறது. வயரைச் சில விநாடிக்கு மேல் பிடிக்காதீர்கள், சுருள் சூடாகிவிடும். அக்குவா, பிரியஸ் போன்ற ஹைபிரிட் கார்களில் எஞ்சின் தன் விருப்பத்துக்கு ஓடி நிற்கும் என்பதால் இந்தச் சோதனையை ஸ்கானரிலிருந்தே வால்வை இயக்கிப் பார்க்கும் அக்டிவ் டெஸ்ட் மூலம் செய்யுங்கள். உயர் வோல்ற் ஓடும் செம்மஞ்சள் நிற வயர்களுக்குக் கிட்டவும் போகாதீர்கள்.

அறிகுறி: இழுவை இல்லை, பெற்றோல் கூடக் குடிக்கிறது

இது மெல்ல வரும், அதனால் கவனத்துக்கு வராது. கியர் பிந்திய நிலையில் இறுகிவிட்டால் ஐட்லிங் அழகாகவே இருக்கும், ஏனெனில் ஐட்லிங்குக்கு வேண்டியது அந்த நிலைதான். சனம் ஏற்றிக்கொண்டு கிளம்பும்போதும், முந்துவதற்கு எஸ்ஸிலேற்றரை அழுத்தும்போதும்தான் கார் சோம்பும். கோட் விழுந்தால் அது பி0012. இந்த அறிகுறிக்கு நான் முதலில் சந்தேகப்படுவது வலை ஃபில்டரைத்தான். ஆனால் அதற்கு முன் எயார் ஃபில்டரைப் பாருங்கள், செம்மண் புழுதியில் ஓடும் காருக்கு அது சீக்கிரம் அடைக்கும். ஜக் அடித்து நான்கு சில்லையும் கையால் சுற்றி, பிறேக் பிடித்துக்கொண்டு நிற்கிறதா என்றும் பாருங்கள்.

அறிகுறி: லைற் மட்டும் எரிகிறது, ஓட்டத்தில் குறையில்லை

பி0010 என்றால் மின்சாரப் பக்கம். கனெக்டரைக் கழற்றி உள்ளே பாருங்கள். குருநகர், ஊர்காவற்றுறை, பருத்தித்துறை என்று கடலோரம் நிற்கும் கார்களில் உப்புக்காற்றால் பின்களில் பச்சைக் களிம்பு பிடித்திருக்கும். சேர்விஸ் நிலையத்தில் எஞ்சினுக்கு நேரே தண்ணீர் அடித்த பிறகு தொடங்கிய கோளாறு என்றாலும் முதலில் இங்கேதான் பார்க்கவேண்டும். கொன்டக்ட் கிளீனர் அடித்துக் காயவிட்டு மாட்டுங்கள்.

பிறகு மல்டிமீற்றரால் ஓசிவியின் இரண்டு முனைக்கும் இடையே தடையை அளவுங்கள். பழைய விட்ஸ், அக்சியோவில் வரும் 1என்இஸட் எஞ்சினுக்கு 20 பாகை செல்சியஸில் 6.9 முதல் 7.9 ஓம். நமது காலநிலையில் ஆறிய எஞ்சினே 30 பாகைக்கு மேல் இருக்கும், செம்புச் சுருளின் தடை அப்போது கொஞ்சம் கூடும். 8.2 என்று காட்டினால் பயப்படவேண்டாம். சூடான எஞ்சினில் அளந்தால் 9ஐயும் தாண்டும், அதை வைத்து ஓசிவியைக் குப்பையில் போட்டுவிடாதீர்கள். எல்லையில்லாமல் காட்டினால் சுருள் அறுந்தது, ஒன்றிரண்டு ஓம் என்றால் சுருள் சோட் ஆகிவிட்டது. இரண்டுக்கும் புது ஓசிவிதான்.

பி0016 தனி. கிராங் ஷாஃப்ட்டும் கேம் ஷாஃப்ட்டும் ஒன்றோடொன்று ஒத்துப்போகவில்லை என்று அது சொல்கிறது. தேய்ந்து நீண்டுபோன செயின், பல் தாண்டிய செயின், தவறாகப் பூட்டிய கியர் என்று பெரிய காரணங்கள் இதற்குப் பின்னால் இருக்கும். காலமைச் சத்தமும் இதுவும் சேர்ந்து வந்தால் காரை ஓடாமல் வைத்துச் செயினைப் பாருங்கள்.

ஓசிவியையும் வலையையும் கழற்றிப் பார்த்தல்

எஞ்சின் ஆறியிருக்க வேண்டும். பற்றரியின் நெகட்டிவைக் கழற்றுங்கள். ஓசிவியைப் பிடித்திருப்பது பெரும்பாலும் ஒரே ஒரு 10 மில்லிமீற்றர் போல்ட். சுற்றுப்புறத்தைத் துடைத்து, போல்ட்டை எடுத்து, ஓசிவியை இடமும் வலமும் மெல்லத் திருப்பித் திருப்பி வெளியே இழுங்கள். ஸ்குரூ டிரைவர் போட்டுக் கிளப்பினால் அலுமினியம் கீறி ஒயில் கசியும். கொஞ்சம் ஒயில் வடியும், கீழே துணி வையுங்கள்.

முனையில் உள்ள துளைகளால் ஸ்பூல் தெரியும். 12 வோல்ற் தொட்டவுடன் அது "டக்" என்று ஓடவேண்டும், எடுத்தவுடன் "டக்" என்று திரும்பவேண்டும். பாதி வழியில் நின்றால், அல்லது ஊர்ந்து திரும்பினால் இறுகல். காப் கிளீனர் (காபரேற்றர் கழுவும் ஸ்பிரே) அடித்து, மறுபடி மறுபடி 12 வோல்ற் தொட்டு, அழுக்குக் கரைந்து வெளியே வரும்வரை செய்யுங்கள். பல ஓசிவி இதிலேயே பிழைத்துவிடும். கழுவிய பிறகும் சோம்பினால் புதிது போடுங்கள்.

வலை ஃபில்டரைத்தான் பலர் மறந்துவிடுகிறார்கள். பல டொயோட்டா எஞ்சின்களில் ஹெட்டில், ஓசிவிக்குக் கிட்டே உள்ள ஒரு பிளக் போல்ட்டைக் கழற்றினால் உள்ளே விரல் நுனியளவு ஒரு வலைக்கூடு இருக்கும். அது உள்ளேயே ஒட்டிக்கொண்டால் நுனி மெல்லிய பிளையரால் எடுங்கள். ஒயில் ஒழுங்காக மாற்றிய காரில் வலைக்கு அப்பால் வெளிச்சம் தெரியும். மாற்றாத காரில் வலையே தெரியாது, ஆறிப்போன கூழ் சட்டியில் ஒட்டியதுபோலக் கறுப்புப் பசை மூடியிருக்கும். அந்த வலையைக் கழுவிய அன்றே பி0012 போய்விட்ட கார்கள் உண்டு. வலை கிழிந்திருந்தால் திரும்பப் போடவே வேண்டாம், கிழிசல் துண்டு நேரே ஓசிவிக்குள் போகும்.

பூட்டும்போது ஓ-ரிங் புதிது, அதில் ஒயில் தடவுங்கள். பிளக் போல்ட்டின் வாசரும் புதிது. ஓசிவி போல்ட்டுக்கு வேண்டியது 10 நியூட்டன் மீற்றருக்கும் குறைவு. அலுமினிய மரை, பலம் காட்டாதீர்கள்.

கியர்தான் என்று உறுதியானால்

ஒயில் சரி, வலை சுத்தம், ஓசிவி "டக்" என்கிறது, வயர் சரி, ஆனாலும் 12 வோல்ற் சோதனையில் எஞ்சின் அசையவில்லை அல்லது காலமைச் சத்தம் நிற்கவில்லை. இப்போது கியர்.

சாமான் யாழ்ப்பாணத்துக் கடைகளில் கிடைக்காவிட்டால் கொழும்பு பஞ்சிகாவத்தையிலிருந்து எடுப்பிக்கலாம். கார் மொடலை மட்டும் சொல்லாமல் சேசிஸ் இலக்கத்தைக் கொடுத்து பார்ட் நம்பரை ஒப்பிடுங்கள். பாவித்த கியர் என்றால் பணம் கொடுக்க முன் கையில் எடுத்து, கூட்டைப் பிடித்துக்கொண்டு நடுவைத் திருப்பிப் பாருங்கள். பூட்டிய நிலையில் ஆட்டமே இருக்கக் கூடாது. சிறு ஆட்டம் இருந்தாலும் வேண்டாம், உங்களிடம் உள்ள அதே நோய்தான் அதற்கும்.

செயின் வேலையில் பழக்கமில்லாதவர்கள் இதற்குமேல் ஒரு நல்ல மெக்கானிக்கிடம் விடுவது நல்லது. பல எஞ்சின்களில் டைமிங் தவறினால் வால்வு பிஸ்டனில் அடித்து வளைந்துவிடும். செய்பவர்கள் முதலாம் சிலிண்டரை மேல் முனைக்குக் கொண்டுவந்து, புல்லியிலும் இரண்டு கேம் கியர்களிலும் உள்ள அடையாளங்களைச் சரிபாருங்கள். செயினுக்கும் கியருக்கும் சேர்த்துப் பெயின்ற் பேனாவால் புது அடையாளம் போடுங்கள். டென்ஷனரைத் தளர்த்தும் முறை எஞ்சினுக்கு எஞ்சின் மாறும். சிலதில் வெளியிலிருந்து கழற்றலாம், சிலதில் கவரில் உள்ள துளையால் பின்னுக்குத் தள்ளி மெல்லிய கம்பி செருகவேண்டும். செயின் கீழே விழாமல் கம்பியால் கட்டிவிடுங்கள், கவருக்குள் துணி அடையுங்கள்.

நடு போல்ட்டைக் கழற்றும்போது கேம் ஷாஃப்ட்டில் உள்ள அறுகோணத்தை ஸ்பானரால் பிடியுங்கள். கியரின் பல்லையோ செயினையோ பிடித்து இறுக்கவும் தளர்த்தவும் கூடாது. கியரின் முகத்தில் தெரியும் மற்றப் போல்ட்டுகள் கூட்டை மூடியவை, அவற்றைத் தொடாதீர்கள்.

புதுக் கியரைக் கேம் ஷாஃப்ட்டில் மெல்ல அழுத்தியபடி திருப்புங்கள். ஷாஃப்ட்டின் சின்ன முளை கியரின் வெட்டுக்குள் விழுந்து, கியர் முழுதாக ஒட்டி உட்கார வேண்டும். இடையில் மயிரிழை தெரிந்தாலும் போல்ட்டை இறுக்கக் கூடாது, முளை நசுங்கி டைமிங் மாறிவிடும். இறுக்கும் அளவை உங்கள் எஞ்சினின் மனுவலிலிருந்து எடுத்து டோர்க் ரென்ச்சால் இறுக்குங்கள். கியர் விடுபடுகிறதா என்று பார்க்க விரும்பினால், கேமின் ஒயில் துளைகளில் முந்தல் பக்கத்துக்கு சுமார் 1.5 பார் காற்றுக் கொடுத்தால் பின் விலகி, கையால் வழுக்கிக்கொண்டு திரும்பும். ஒயில் தெறிக்கும், துணி பிடியுங்கள். பூட்டிய நிலைக்குத் திருப்பிவிட்டே செயினைப் போடுங்கள்.

டென்ஷனரை விட்டபின் ஸ்டார்ட்டர் அடிக்காமல், கிராங்கை ஸ்பானரால் ஓடும் திசையில் முழுதாக இரண்டு சுற்றுச் சுற்றுங்கள். எங்காவது முட்டினால் நிறுத்துங்கள், பலாத்காரம் வேண்டாம். இரண்டு சுற்றுக்குப் பின் கியர்களில் உள்ள அடையாளங்கள் பழையபடி ஒத்துவர வேண்டும். செயினின் நிறக் கண்ணிகள் அதே இடத்துக்கு வராது, அதைக் கண்டு பிழை என்று மறுபடி கழற்றாதீர்கள். அவை திரும்பிச் சேரப் பல சுற்று ஆகும்.

டப்பட் கவர் காஸ்கட் புதிது. செயின் கவரும் ஹெட்டும் சேரும் மூலைகளில் சீலர் கொஞ்சம். ஒயிலும் ஃபில்டரும் மாற்றிவிட்டே ஸ்டார்ட் செய்யுங்கள். முதல் சில விநாடி சத்தம் வரும், அழுத்த லைற் அணையும்வரை எஸ்ஸிலேற்றரைத் தொடாதீர்கள். கோட்களை அழித்து, சூடானபின் அதே 12 வோல்ற் சோதனையை மறுபடி செய்யுங்கள். எஞ்சின் நடுங்கி, வயரை எடுத்ததும் அமைதியானால் கியர் திரும்புகிறது. பிறகு ஒரு நீண்ட ஓட்டம், பரந்தன் வரை போய் வந்தால் போதும். அடுத்த நாள் காலை காரை எடுக்க முன் ஓசிவி அடியிலும் கவர் மூலைகளிலும் விரலால் தடவி ஒயில் கசிகிறதா என்று பாருங்கள். ஒருவேளை அதே கோட் திரும்ப வந்தால், ஓசிவியிலிருந்து ஈசியு வரை போகும் வயரை ஒவ்வொன்றாக அளப்பதுதான் மிச்சம்.